டேப்லெட் கீபோர்டில் எழுத்து விழவில்லை: பழுது எந்தப் பக்கம்?

கேள்வி: டேப்லெட்டில் மாட்டிப் பயன்படுத்தும் கீபோர்டு நேற்று இரவு வரை ஒழுங்காக இருந்தது. இன்று எந்த விசையை அழுத்தினாலும் எழுத்து விழவில்லை. தொடுதிரை நன்றாக வேலை செய்கிறது. ஒருமுறை அணைத்துப் போட்டும் பார்த்தாயிற்று. கீபோர்டு போய்விட்டதா, புதிது வாங்க வேண்டுமா?

பெரும்பாலும் வாங்க வேண்டியிருக்காது. விசைகள் தேய்ந்து பழுதானால் ஒன்றிரண்டாகத்தான் போகும். எல்லா விசைகளும் ஒரே இரவில் சொல்லிவைத்தாற்போல் நிற்காது. அப்படி நின்றால், எல்லா விசைக்கும் பொதுவான ஏதோ ஒன்று தடைப்பட்டிருக்கிறது. கீபோர்டுக்குப் போகும் மின்சாரமாக இருக்கலாம், டேப்லெட்டோடு உள்ள தொடர்பாக இருக்கலாம், டேப்லெட்டின் மென்பொருளாக இருக்கலாம். தண்ணீரோ வேறு பானமோ கொட்டியிருந்தால் மட்டும் நிலைமை வேறு. அதைக் கீழே தனியாகச் சொல்கிறேன்.

பலர் இந்த நேரத்தில் தெரிந்ததையெல்லாம் ஒன்றன்மேல் ஒன்றாகச் செய்துவிடுகிறார்கள். அப்டேட் போடுகிறார்கள், கீபோர்டும் டேப்லெட்டும் தொட்டுக்கொள்ளும் உலோகப் பின்களைச் சுரண்டுகிறார்கள், கடைசியில் ஃபேக்டரி ரீசெட் செய்து கோப்புகளையும் இழக்கிறார்கள். சரியானாலும் எதனால் சரியானது என்று தெரியாது. அடுத்த மாதம் திரும்ப வந்தால் மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டியதுதான். ஆகவே எதையும் மாற்றும் முன், பழுது கீபோர்டிலா டேப்லெட்டிலா என்று பிரித்துக்கொள்ளுங்கள். அதற்குக் கருவி எதுவும் தேவையில்லை.

முதலில் மூன்று சோதனைகள்

குறிப்பு எழுதும் செயலி ஒன்றைத் திறந்து எழுதும் இடத்தைத் தொடுங்கள். ஐபேடாக இருந்தால் இதிலேயே பாதி விடை கிடைத்துவிடும். வெளிக் கீபோர்டு இணைந்திருப்பது ஐபேடுக்குத் தெரிந்திருந்தால் திரையில் முழு விசைப்பலகை வராது. கீழே சிறிய பட்டை மட்டும் தோன்றும். முழு விசைப்பலகை எழும்பி வந்தால், மாட்டியிருக்கும் கீபோர்டை ஐபேட் பார்க்கவே இல்லை. உறுதி செய்துகொள்ள செட்டிங்ஸில் ஜெனரல், அதில் கீபோர்டு என்று போய்ப் பாருங்கள். 'ஹார்ட்வேர் கீபோர்டு' என்ற வரி அங்கே இருந்தால் தொடர்பு இருக்கிறது. கீபோர்டு இணைந்திருக்கும்போது மட்டுமே அந்த வரி தெரியும்.

ஆண்ட்ராய்டில் செட்டிங்ஸ் தேடல் பெட்டியில் 'பிசிக்கல் கீபோர்டு' என்று தேடுங்கள். அந்தப் பக்கத்தில் உங்கள் கீபோர்டின் பெயர் இருக்கிறதா என்று பாருங்கள். விண்டோஸ் டேப்லெட்டில், சாதனங்களைப் பட்டியலிடும் டிவைஸ் மேனேஜரைத் திறந்து 'கீபோர்ட்ஸ்' பகுதியை விரித்து வைத்துக்கொண்டு, கீபோர்டைக் கழற்றி மாட்டுங்கள். பட்டியல் ஒருமுறை துடித்து மாறினால் விண்டோஸுக்குத் தகவல் போகிறது. எந்த அசைவும் இல்லை என்றால் போகவில்லை.

இரண்டாவது சோதனை கேப்ஸ் லாக் விளக்கு. பார்க்கச் சின்ன விஷயம்தான், ஆனால் நிறையச் சொல்லும். வழக்கமான கீபோர்டுகளில் அந்த விளக்கைக் கீபோர்டு தானாக ஏற்றுவதில்லை. நீங்கள் அழுத்தியது டேப்லெட்டுக்குப் போய், 'விளக்கை ஏற்று' என்று டேப்லெட் திருப்பிச் சொன்ன பிறகுதான் அது எரியும். எனவே கேப்ஸ் லாக்கை அழுத்த அழுத்த விளக்கு எரிந்து அணைந்தால், மின்சாரமும் இருக்கிறது, போக வர இரு வழியிலும் தொடர்பும் இருக்கிறது. அப்போது பின்களைத் துடைத்துக்கொண்டிருப்பது வீண் வேலை, செட்டிங்ஸில் தேடுங்கள்.

மூன்றாவது, மாற்றி மாட்டிப் பார்ப்பது. வேறு ஏதாவது ஒரு கீபோர்டை, பழைய புளூடூத் கீபோர்டோ கணினியின் யுஎஸ்பி கீபோர்டோ, இந்த டேப்லெட்டில் இணையுங்கள். அது எழுதினால் மென்பொருள் பெரும்பாலும் நலம். முடிந்தால் உங்கள் கீபோர்டை அதே மாடல் டேப்லெட் ஒன்றில் மாட்டுங்கள். புளூடூத் கீபோர்டு என்றால் எந்தக் கைப்பேசியோடும் இணைத்துப் பார்க்கலாம். வேறு எந்தச் சோதனையை விட்டாலும் இதை விடாதீர்கள். பழுது இருக்கும் பக்கத்தைக் காட்டுவதில் இதற்கு ஈடு இல்லை.

காந்தத்தால் ஒட்டிக்கொள்ளும் கீபோர்டு

ஐபேடின் ஸ்மார்ட் கீபோர்டு, மேஜிக் கீபோர்டு, மைக்ரோசாஃப்ட் சர்ஃபேஸின் டைப் கவர், சாம்சங் கேலக்ஸி டேப் வரிசையின் புக் கவர் கீபோர்டு எல்லாம் இந்த இனம். இவற்றில் பெரும்பாலானவற்றுக்குச் சொந்த பேட்டரி கிடையாது. மின்சாரமும் தகவலும் சில சிறிய உலோகப் புள்ளிகள் வழியாகவே போகின்றன. 2015-இல் ஐபேட் புரோவோடு வந்த ஸ்மார்ட் கனெக்டரில் இருப்பவை மூன்றே புள்ளிகள்: ஒன்று மின்சாரம், ஒன்று தகவல், ஒன்று தரை, அதாவது மின்சாரம் திரும்பும் வழி. மூன்றில் ஒன்று தொடாவிட்டாலும் கீபோர்டு முழுவதும் ஊமையாகிவிடும். உங்கள் கேள்வியில் உள்ள 'எல்லாம் ஒரே நேரத்தில்' என்பதற்கு இதுவே மிகப் பொதுவான காரணம்.

முதலில் இடைவெளியைப் பாருங்கள். டேப்லெட்டுக்கு உறை போட்டிருந்தால் கழற்றுங்கள். பின்பக்கம் ஒட்டும் அலங்காரத் தாள், பிடித்துக்கொள்ளும் வளையம், உலோகத் தகடு எதுவாக இருந்தாலும் சந்தேகத்துக்குரியதே. அரை மில்லிமீட்டர் தடிமன் கூடினாலே சில பின்கள் எட்டாமல் போகும். காந்தம் 'டக்'கென்று ஒட்டிவிட்டது என்பதால் பின்களும் தொட்டுவிட்டன என்று ஆகாது. டேப்லெட்டை மேசையில் மல்லாக்க வைத்து, அதன் முதுகு தட்டையாக இருக்கிறதா என்றும் பாருங்கள். உள்ளே பேட்டரி உப்பினால் முதுகு லேசாக வளைந்து புள்ளிகள் விலகும். அப்படி வளைந்திருந்தால் கீபோர்டை மறந்துவிட்டு, சார்ஜ் போடுவதை நிறுத்தி, டேப்லெட்டை சர்வீஸ் சென்டருக்குக் கொண்டுபோங்கள். உப்பிய பேட்டரி தீப்பிடிக்கக்கூடியது.

அடுத்தது சுத்தம். கை வியர்வை, எண்ணெய்ப் பிசுக்கு, உறையிலிருந்து உதிரும் நூல் எல்லாம் இந்தப் புள்ளிகளில் படிந்து, கண்ணுக்குத் தெரியாத மெல்லிய படலமாகிவிடும். டேப்லெட்டை அணைத்துவிட்டு, 90 சதவீதமோ அதற்கு மேலோ செறிவுள்ள ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் பஞ்சுக் குச்சியின் நுனியை நனையுங்கள். சொட்டும் அளவுக்கு வேண்டாம், ஈரமாக இருந்தால் போதும். டேப்லெட் பக்கத்துப் புள்ளிகளையும் கீபோர்டு பக்கத்துப் பின்களையும் ஐந்தாறு முறை துடையுங்கள். குச்சி கறுத்தால் புதுக் குச்சி எடுங்கள். இரண்டு மூன்று நிமிடம் உலரவிட்டு மாட்டுங்கள். 70 சதவீதம்தான் கையில் இருந்தால் அதுவும் ஆகும். அதில் தண்ணீர் அதிகம் என்பதால் பத்து நிமிடம் உலர விடுங்கள்.

உப்புத்தாள், கத்தி முனை, பென்சில் அழிப்பான் மூன்றையும் தவிருங்கள். புள்ளிகளின் மேலிருப்பது மிக மெல்லிய தங்கப்பூச்சு. அது தேய்ந்தால் அன்றைக்கு வேலை செய்யும். பிறகு அடியிலிருக்கும் உலோகம் அரிக்கத் தொடங்கும். நகப்பூச்சு நீக்கும் திரவத்தில் அசிட்டோன் இருப்பதால் சுற்றியுள்ள பிளாஸ்டிக்கை இளக்கிவிடும். பச்சை நிறமோ கரும்புள்ளியோ தெரிந்தால் அரிப்பு ஏற்கெனவே தொடங்கிவிட்டது. ஆல்கஹால் அதைத் தற்காலிகமாகத்தான் சமாளிக்கும்.

பின்கள் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் வகையில், ஒவ்வொரு பின்னுக்கும் அடியில் குட்டி ஸ்பிரிங் இருக்கிறது. பக்கவாட்டில் கண் மட்டத்துக்கு உயர்த்திப் பார்த்தால் எல்லாம் ஒரே உயரத்தில் தெரிய வேண்டும். ஒன்று மட்டும் அமுங்கியிருந்தால் அதன் குழியில் தூசியோ பிசினோ சிக்கியிருக்கிறது. ஒரு துளி ஆல்கஹால் விட்டு, மரப் பல்குச்சியால் மெதுவாகப் பத்துப் பதினைந்து முறை அழுத்தி விடுங்கள்; பெரும்பாலும் எழும்பிவிடும். ஊசி, சேஃப்டி பின் போன்ற உலோகம் வேண்டாம். இரண்டு பின்களை ஒருசேரத் தொட்டால் ஷார்ட் ஆகும்.

மடிப்பைப் பற்றியும் சொல்ல வேண்டும். கீபோர்டை டேப்லெட்டின் முதுகுப்பக்கம் மடித்தால் விசைகள் வேலை செய்யாது. சர்ஃபேஸ் டைப் கவர் அப்படித்தான் வடிவமைக்கப்பட்டிருக்கிறது, கையில் பிடிக்கும்போது தவறுதலாக எழுத்து விழக்கூடாது என்பதற்காக. மடிப்பை அறிவது உள்ளிருக்கும் உணரிகள். சில மாடல்களில் அது காந்த உணரி என்பதால், பக்கத்தில் வேறு காந்தம், அதாவது காந்த ஸ்டாண்ட், காந்தப் பூட்டுள்ள பை, ஸ்பீக்கர் ஏதாவது இருந்தால் கீபோர்டு மடிக்கப்பட்டிருப்பதாக அது ஏமாறும். சம்பந்தமில்லாமல் திரையும் அணைந்து அணைந்து எரிந்தால் இதைச் சந்தேகியுங்கள். மேசையைக் காலிசெய்துவிட்டுப் பாருங்கள்.

கீபோர்டை ஒரு குறிப்பிட்ட கோணத்தில் வைத்தால் மட்டும் எழுத்து விழுகிறதா? கோணத்தை மாற்றினால் போகிறதா? மடியும் இடத்துக்குள் ஓடும் தட்டையான கேபிளில் கம்பி அறுந்துகொண்டிருக்கிறது. ஒரே இடத்தில் ஆயிரக்கணக்கான முறை மடிந்தால் செம்பு களைத்துப்போய் விரிசல் விடும். துணியோ செயற்கைத் தோலோ போர்த்தி ஒட்டப்பட்ட கீபோர்டுகளைப் பிரித்தால் பழையபடி ஒட்ட முடியாது. இந்தப் பழுதுக்கு வீட்டு வைத்தியம் கிடையாது. உத்தரவாதக் காலம் இருந்தால் உடனே கொடுத்து மாற்றுங்கள். எந்தக் கோணத்தில் நிற்கிறது என்பதை ஒரு சிறு வீடியோ எடுத்துவைத்துக்கொள்ளுங்கள், ஏனென்றால் இப்படி விட்டுவிட்டு வரும் பழுது சோதிக்கும் மேசையில் தலைகாட்டாமல் போய்விடும்.

மேஜிக் கீபோர்டு வைத்திருப்பவர்களுக்கு ஒன்று. அதன் கீலில் இருக்கும் யுஎஸ்பி-சி துளை ஐபேடைச் சார்ஜ் செய்ய மட்டுமே. அதில் பென்டிரைவோ வேறு கீபோர்டோ செருகினால் எதுவும் நடக்காது. அதைப் பழுது என்று எண்ண வேண்டாம். ஆனால் சோதனைக்கு அந்தத் துளை உதவும். அதில் சார்ஜர் செருகி ஐபேடில் சார்ஜ் ஏறினால், மின்சாரம் கடக்கும் புள்ளிகள் ஒழுங்காகத் தொடுகின்றன. மீதி இருப்பது தகவல் புள்ளி.

புளூடூத் கீபோர்டு

இதில் கதை வேறு மாதிரி. முதல் சந்தேகம் பேட்டரி. தீரப்போகும் பேட்டரி சொல்லாமல் போவதில்லை. முதலில் எழுத்து தாமதமாக விழும், பிறகு ஒரே எழுத்து வரிசையாக விழும், பிறகு தொடர்பு அறுந்து அறுந்து வரும். இந்த அறிகுறிகள் சில நாளாக இருந்திருந்தால் வேறெங்கும் தேட வேண்டாம். மாற்றும் பேட்டரி என்றால் இரண்டையும் சேர்த்தே மாற்றுங்கள். பழையது ஒன்று, புதியது ஒன்று என்று போட்டால் பழையது கசிந்து தொடுமுனையைக் கெடுக்கும்.

சார்ஜ் ஏறும் வகையில் அதிகம் பேருக்குத் தெரியாத சிக்கல் ஒன்று உண்டு. விலை குறைந்த பல கீபோர்டுகளில் யுஎஸ்பி-சி துளை இருக்கும், ஆனால் அந்தத் தரம் கேட்கும் 5.1 கிலோ ஓம் மின்தடைகளை உள்ளே வைத்திருக்க மாட்டார்கள். இரு முனையும் டைப்-சி ஆக உள்ள கேபிளில் இப்போதைய சார்ஜரோடு இணைத்தால், எதிரில் ஒரு சாதனம் இருப்பதையே சார்ஜர் உணராது, மின்சாரம் அனுப்பாது. இரவெல்லாம் செருகி வைத்தும் காலையில் பேட்டரி காலியாகவே இருக்கும். ஒரு முனை பழைய அகலமான யுஎஸ்பி, மறுமுனை டைப்-சி என்ற கேபிளை எடுத்துச் சாதாரண 5 வோல்ட் சார்ஜரிலோ கணினியிலோ செருகுங்கள். பல மாதம் எடுக்காமல் வைத்திருந்த கீபோர்டு என்றால் முதல் அரைமணி நேரம் விளக்குகூட எரியாமல் இருக்கலாம். பொறுமையாக விட்டுவைத்துப் பாருங்கள். அடிப்பகுதி வீங்கி, மேசையில் வைத்தால் ஆடுகிறது என்றால் சார்ஜ் போடவே கூடாது.

இரண்டாவது சந்தேகம், கீபோர்டு வேறொன்றோடு போய் ஒட்டிக்கொண்டிருப்பது. பல கீபோர்டுகள் மூன்று சாதனங்களை நினைவில் வைத்துக்கொள்ளும். லாஜிடெக் கே380 போன்றவற்றில் மேல்வரிசையின் முதல் மூன்று விசைகள் அதற்கானவை. துடைக்கும்போது அவற்றில் ஒன்று அழுந்தினாலே போதும், நீங்கள் இங்கே அடிப்பதெல்லாம் பக்கத்து அறையில் இருக்கும் கைப்பேசிக்குப் போய்க்கொண்டிருக்கும். முன்பு இணைத்திருந்த எல்லாச் சாதனங்களிலும் புளூடூத்தை அணைத்துவிட்டு, டேப்லெட்டுக்கு உரிய எண் விசையை அழுத்துங்கள்.

அதுவும் ஆகவில்லை என்றால் பழைய உறவை இரு பக்கமும் துண்டித்துப் புதிதாக இணைக்க வேண்டும். இரண்டும் முதலில் இணையும்போது ஒரு ரகசியச் சாவியைப் பகிர்ந்துகொள்கின்றன. அப்டேட்டுக்குப் பிறகோ கீபோர்டை ரீசெட் செய்த பிறகோ ஒரு பக்கம் அந்தச் சாவி அழிந்துபோனால், திரையில் 'இணைந்தது' என்று ஒரு கணம் காட்டும், உடனே அறுந்துவிடும். செய்யும் முறை இது:

1. டேப்லெட்டின் புளூடூத் பட்டியலில் கீபோர்டின் பெயரைத் தொட்டு 'ஃபர்கெட்' அல்லது 'அன்பேர்' கொடுங்கள். வெறும் 'டிஸ்கனெக்ட்' போதாது.
2. கீபோர்டை அணைத்துப் பத்து விநாடி கழித்துப் போடுங்கள்.
3. இணைக்கும் விசையை, விளக்கு வேகமாகச் சிமிட்டும்வரை அழுத்திப் பிடியுங்கள். பெரும்பாலும் 3 முதல் 5 விநாடி. மெதுவாகச் சிமிட்டினால் பழைய சாதனத்தைத் தேடுகிறது என்று அர்த்தம், இன்னும் பிடியுங்கள்.
4. டேப்லெட்டில் பெயர் வந்ததும் தொடுங்கள். எண் காட்டினால் அதை அந்தக் கீபோர்டிலேயே அடித்து என்டர் தட்டுங்கள். திரையில் எண் சரியாக விழுகிறதா என்று பார்க்க வழியிருக்காது; நிதானமாக அடியுங்கள். என்டரை மறந்துவிட்டு, இணையவில்லை என்று கைவிடுபவர்கள் ஏராளம்.

இணைகிறது, ஆனால் எழுத்துகள் விட்டுவிட்டு விழுகின்றன என்றால் அலைவரிசை நெரிசலைப் பாருங்கள். புளூடூத் 2.4 கிகாஹெர்ட்ஸில் ஓடுகிறது. பழைய வைஃபையும் அதே இடத்தில்தான். டேப்லெட்டை 5 கிகாஹெர்ட்ஸ் வைஃபைக்கு மாற்றுங்கள். யுஎஸ்பி 3.0 ஹார்ட் டிஸ்க்கும் அதன் கேபிளும் அதே அலைவரிசையில் இரைச்சல் எழுப்பும். டேப்லெட்டுக்கு ஒட்டி வைத்திருந்தால் ஓர் அடி தள்ளி வையுங்கள்.

முதல் எழுத்து மட்டும் எப்போதும் விழுவதில்லை என்றால் அது பழுதே அல்ல. சும்மா இருந்தால் கீபோர்டு தூங்கிவிடும். முதல் அழுத்தம் அதை எழுப்பவே செலவாகிறது.

கேபிள் அல்லது சின்ன ரிசீவர் வழியாக

இங்கே கேபிளும் இடைச்செருகியும் (அடாப்டர்) தான் குற்றவாளிகள். சார்ஜுக்கு மட்டும் செய்த கேபிள்களில் தகவல் கம்பியே இருக்காது. லைட்னிங் துளையுள்ள ஐபேடுக்கு ஆப்பிளின் கேமரா அடாப்டர் வகை வேண்டும். மின்சாரம் போதவில்லை என்ற செய்தி வந்தால், வண்ண விளக்குள்ள கீபோர்டு ஐபேட் தரக்கூடியதைவிட அதிகம் இழுக்கிறது. சில ஆண்ட்ராய்டு சாதனங்களில், வெளிச் சாதனங்களை யுஎஸ்பியில் செருக விடும் 'ஓடிஜி' என்ற அனுமதி செட்டிங்ஸில் தனியாக இருக்கும். பத்து நிமிடம் பயன்படுத்தாவிட்டால் தானாக அணைந்துகொள்ளும் மாடல்களும் உண்டு. நேற்று வேலை செய்தது இன்று செய்யவில்லை என்பதற்கு அது அப்படியே பொருந்தும். ஐபேட் ஒரு மணி நேரத்துக்கு மேல் பூட்டியிருந்தால், புதிதாகச் செருகும் யுஎஸ்பி சாதனத்தை அது ஏற்காது. திரைப்பூட்டைத் திறந்துவிட்டுச் செருகுங்கள். துளைக்குள் நூல்தூசி அடைந்திருந்தால் பிளக் முழுதாக இறங்காது, மரப் பல்குச்சியால் எடுத்துவிடலாம்.

தொடர்பு இருக்கிறது, எழுத்து மட்டும் இல்லை

கேப்ஸ் லாக் விளக்கு எரிகிறது, செட்டிங்ஸில் பெயர் இருக்கிறது, ஆனாலும் எழுத்தில்லை. இப்போது பார்க்க வேண்டியவை செட்டிங்ஸும் ஒட்டிக்கொண்ட விசையும்.

விண்டோஸில் வலப்பக்க ஷிஃப்டை 8 விநாடி அழுத்திப் பிடித்தால் ஃபில்டர் கீஸ் என்ற வசதி எழும்பும். கீபோர்டு மேல் புத்தகம் வைத்தாலே போதும். அது வந்தபின் விசையைச் சட்டென்று தட்டினால் விழாது. கொஞ்ச நேரம் அழுத்தினால்தான் விழும். ஷிஃப்டை ஐந்து முறை தட்டினால், ஷிஃப்ட், கன்ட்ரோல் போன்றவற்றை ஒருமுறை தட்டினாலே பிடித்திருப்பதாக எடுத்துக்கொள்ளும் ஸ்டிக்கி கீஸ் வரும். ஐபேடில் ஃபில்டர் கீஸின் வேலையைச் செய்வது அக்செசிபிலிட்டி பகுதியில் கீபோர்ட்ஸுக்குள் இருக்கும் ஸ்லோ கீஸ். ஒரு விசையை இரண்டு விநாடி அழுத்திப் பிடித்துப் பாருங்கள். எழுத்து விழுந்தால் இதுதான் காரணம், அணைத்துவிடுங்கள்.

கன்ட்ரோல், ஆல்ட், கமாண்ட் போன்ற விசை ஒன்று தூசியால் உள்ளேயே ஒட்டிக்கொண்டால், நீங்கள் அடிக்கும் ஒவ்வொன்றும் குறுக்குவழிக் கட்டளையாகிவிடும். எழுத்து விழாது, சம்பந்தமில்லாத ஜன்னல்கள் திறக்கும், வரிகள் தானாகத் தேர்வாகும். அந்த விசைகளை இருபக்கமும் ஒவ்வொன்றாக நான்கைந்து முறை அழுத்தமாகத் தட்டி விடுவியுங்கள்.

தவறான எழுத்து விழுந்தால் அது தளக்கோலச் சிக்கல், அதாவது எந்த விசைக்கு எந்த எழுத்து என்ற அமைப்பில் குழப்பம். ஷிஃப்டோடு 2 அடித்தால் @ வருவதற்குப் பதில் மேற்கோள்குறி வந்தால், அமெரிக்கக் கீபோர்டை பிரிட்டிஷ் என்று டேப்லெட் நினைக்கிறது. யு, ஐ, ஓ அடித்தால் 4, 5, 6 விழுந்தால் நம்பர் லாக் போடப்பட்டிருக்கிறது. ஆங்கில ஏ, எஸ், டி இருக்கும் இடங்களில் அ, இ, உ விழுந்தால் தமிழ்99 என்ற தமிழ்த் தளக்கோலம் தேர்வாகியிருக்கிறது. ஐபேடில் பூகோளப் படமிட்ட விசை, விண்டோஸில் விண்டோஸ் விசையோடு ஸ்பேஸ்பார் மொழியை மாற்றும். திரையில் தமிழ் எழுத ஒரு செயலியும் வெளிக் கீபோர்டுக்கு இன்னொரு தளக்கோலமும் வைத்திருப்பவர்கள் கவனிக்க வேண்டியது: ஆண்ட்ராய்டில் இந்த இரண்டும் தனித்தனி அமைப்புகள். ஒன்றை மாற்றினால் மற்றது மாறாது.

மென்பொருளை முறையாக எழுப்புவது

அணைத்துப் போட்டுவிட்டேன் என்கிறீர்கள். விண்டோஸில் 'ஷட் டவுன்' கொடுப்பது பெரும்பாலும் முழு அணைப்பு அல்ல. ஃபாஸ்ட் ஸ்டார்ட்அப் என்ற வசதியால் சிஸ்டத்தின் நிலையை வட்டில் சேமித்துவைத்து, திரும்பவும் அதையே எழுப்பும். கீபோர்டை இயக்கும் டிரைவர் என்ற மென்பொருள் கெட்டுப்போயிருந்தால் அந்த நிலையும் கூடவே எழும்பும். 'ரீஸ்டார்ட்' கொடுங்கள், அது சுத்தமாகத் தொடங்கும். சர்ஃபேஸில் பவர் பட்டனை 20 விநாடி அழுத்திப் பிடித்து முழுமையாக மீளத் தொடங்கவும் வைக்கலாம். ஹோம் பட்டன் இல்லாத ஐபேடில் வால்யூம் ஏற்றும் பட்டனைத் தட்டி, இறக்கும் பட்டனைத் தட்டி, ஆப்பிள் சின்னம் வரும்வரை மேல் பட்டனைப் பிடியுங்கள். ஹோம் பட்டன் உள்ளதில் அதையும் மேல் பட்டனையும் சேர்த்துப் பிடிக்க வேண்டும். கீபோர்டைக் கழற்றி வைத்துவிட்டே இதைச் செய்து, திரை முழுதாக வந்தபின் மாட்டுங்கள்.

சர்ஃபேஸ் வைத்திருப்பவர்களுக்கு அருமையான ஒரு சோதனை உண்டு. அணைத்த நிலையில் வால்யூம் ஏற்றும் பட்டனைப் பிடித்துக்கொண்டு பவர் பட்டனைத் தட்டி விட்டால், விண்டோஸுக்கு முந்திய யுஇஎஃப்ஐ திரை வரும். அங்கே அம்பு விசைகளைத் தட்டிப் பாருங்கள். நகர்ந்தால் கீபோர்டும் பின்களும் கேபிளும் நலம், கோளாறு விண்டோஸில். அங்கே எதையும் மாற்றாமல் வெளியே வந்து, டிவைஸ் மேனேஜரில் சர்ஃபேஸ் டைப் கவர் என்ற பெயருள்ள வரியை அன்இன்ஸ்டால் செய்து ரீஸ்டார்ட் கொடுங்கள். விண்டோஸ் புதிதாக நிறுவிக்கொள்ளும். அம்பு நகரவில்லை என்றால் விண்டோஸை எத்தனை முறை மாற்றி நிறுவினாலும் பயனில்லை, பின்களுக்குத் திரும்புங்கள்.

கீபோர்டு இல்லாமல் கடவுச்சொல் அடிக்க முடியாமல் தவிப்பவர்கள், விண்டோஸ் நுழைவுத் திரையின் வலது கீழ் மூலையில் அக்செசிபிலிட்டி சின்னத்தைத் தொட்டால் திரைக் கீபோர்டு கிடைக்கும்.

ஆண்ட்ராய்டில் எல்லாம் சரியாக இருந்தும் எழுத்து விழாவிட்டால், நீங்கள் நிறுவிய விசைப்பலகைச் செயலி குறுக்கே நிற்கலாம். அதை ஃபோர்ஸ் ஸ்டாப் செய்து, கேஷை (தற்காலிகச் சேமிப்பை) அழித்து, டேப்லெட்டோடு வந்த விசைப்பலகைக்கு மாறுங்கள். பவர் மெனுவில் 'பவர் ஆஃப்' என்பதை நீள அழுத்தினால், நீங்கள் நிறுவிய செயலிகள் ஓடாத சேஃப் மோட் பல மாடல்களில் வரும். அதில் எழுத்து விழுந்தால் பழுது ஏதோ ஒரு செயலியில்தான். 'ரீசெட் புளூடூத் அண்ட் வைஃபை' என்பதைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். வைஃபை கடவுச்சொற்கள் எல்லாம் அழியும்.

சில விசைகள் மட்டும் செத்திருந்தால்

இது வேறு நோய். விசைகள் ஒவ்வொன்றுக்கும் தனிக் கம்பி கிடையாது. நெடுக்கும் குறுக்குமாகக் கோடுகள் ஓட, அவை சந்திக்கும் இடங்களில் விசைகள் இருக்கின்றன. ஒரு கோடு அறுந்தால் அதில் உள்ள விசைகள் எல்லாம் கூட்டமாகப் போகும். ஆகவே செத்த விசைகளை ஒரு தாளில் குறியுங்கள். ஒரே ஒரு விசை என்றால் அடியில் துகள். கீபோர்டை ஏறக்குறைய 75 டிகிரி சாய்த்து, காற்றுக் குப்பியால் இடமிருந்து வலமாக அடித்து, பக்கம் திருப்பி மறுபடி அடியுங்கள். ஐந்தாறு விசைகள் சேர்ந்து போயிருந்தால், கோடோ அதன் கேபிளோ அறுந்திருக்கிறது. சுத்தம் செய்து மீட்க முடியாது.

திரவம் கொட்டியிருந்தால் வேகம் முக்கியம். உடனே கழற்றி, பேட்டரி உள்ளதென்றால் அணைத்து, தலைகீழாகக் கவிழ்த்துத் துணியில் ஒற்றி எடுங்கள். குறைந்தது 48 மணி நேரம் காற்றோட்டத்தில் வையுங்கள். 'ஒருமுறை போட்டுப் பார்ப்போமே' என்ற ஆசைதான் பல கீபோர்டுகளைக் கொல்கிறது. ஈரத்தில் மின்சாரம் ஓடினால் உள்ளிருக்கும் மெல்லிய கோடுகள் சில மணி நேரத்திலேயே அரித்துப்போகும். அரிசிக்குள் புதைப்பதால் பயனில்லை, மாவுதான் உள்ளே போகும். சூடான ஹேர் டிரையர் உள் தாள்களை நெளித்து, பசையையும் இளக்கிவிடும். சர்க்கரை கலந்த பானம் என்றால் காய்ந்தபின்னும் விசைகள் ஒட்டும்; ஆல்கஹால் தொட்ட குச்சியால் ஓரங்களைத் துடைக்கலாம், ஆனால் முழுமையாகத் திரும்பும் என்று நம்பிக்கை தர முடியாது.

மாற்றத்தான் வேண்டும் என்றால்

உங்கள் கீபோர்டு வேறு டேப்லெட்டிலும் ஊமையாக இருந்து, வேறு கீபோர்டு உங்கள் டேப்லெட்டில் பேசினால் தயங்காமல் மாற்றுங்கள். நிலைமை நேர்மாறாக இருந்து, புளூடூத் கீபோர்டு மட்டும் வேலை செய்து, காந்த வகை எதுவும் பேசவில்லை என்றால் டேப்லெட்டின் தொடுபுள்ளி பழுது. அதைத் திருத்துவதைவிட புளூடூத் கீபோர்டுக்கு மாறுவதே சிக்கனம்.

வாங்கும்போது திரை அளவை நம்ப வேண்டாம், டேப்லெட்டின் முதுகில் அல்லது செட்டிங்ஸில் உள்ள மாடல் எண்ணை நம்புங்கள். சர்ஃபேஸ் புரோ 7 வரைக்குமான டைப் கவர் சர்ஃபேஸ் புரோ 8-இல் பொருந்தாது. 2024-இல் வந்த எம்4 ஐபேட் புரோவுக்கான மேஜிக் கீபோர்டு அதற்கு முந்தைய ஐபேட் புரோவில் வேலை செய்யாது; பழையது புதியதிலும் செய்யாது. காந்தம் ஒட்டிக்கொள்கிறது, அளவும் சரியாக இருக்கிறது என்று பழைய பொருளை வாங்கிவிட்டு, அதையும் பழுது என்று துடைத்துக்கொண்டிருக்க நேரும். வாங்கும் இடத்திலேயே உறையில்லாமல் மாட்டி, எல்லா விசைகளையும் ஒருமுறை அடித்துப் பார்த்து, மடித்து நிமிர்த்தி, சாய்வை மாற்றி இரண்டு கோணங்களிலும் எழுத்து விழுகிறதா என்று உறுதி செய்துகொள்ளுங்கள்.